ரஜாயில் மூன்றாவது கறை

ஆர்.கே.புரம் குவார்ட்டர்ஸில், எங்கள் பால்கனிக் கம்பியில், பஞ்சு வைத்துத் தைத்த கனத்த போர்வையான ஒரு பழைய ரஜாயைப் போட்டுவிட்டு அதன் பின்னால் போய் நின்றபோதுதான் எனக்கு அது உறைத்தது: இதை வாசிக்கலாம்.

வெயில் நேர் எதிரே இருந்தது. நவம்பரில் புகைமூட்டம் கொஞ்சம் விலகினால் டெல்லியில் கிடைக்குமே, அந்த நோஞ்சான் வெயில். ரஜாய்க்குள் இருந்த பஞ்சு ஓரங்களில் மெலிந்து வெளிச்சத்தை உள்ளே விட்டது. நடுவில் மட்டும் ஒரு சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு இறுகி, கறுப்பாக நின்றது. கீழ் விளிம்பில் பழுப்பு நிறத்தில் வளைந்து வளைந்து இரண்டு கோடுகள். டீ சிந்திக் காய்ந்த இடத்தில் விளிம்பு மட்டும் அழுத்தமாகத் தெரியுமே, அந்த மாதிரி.

திரைச்சீலைகளைப் பற்றி எழுதுவதாகப் போன வாரம் சொல்லியிருந்தேன். அது காத்திருக்கட்டும். இந்த வாரம் என்னால் வேறு எதையும் எழுத முடியவில்லை.

புதிதாக வாசிக்க வந்தவர்களுக்கு ஒரு வரி: நான் பழந்துணிகளைப் பாதுகாக்கும் படிப்பு படிப்பவள். நூல், சாயம், கறை எதைப் பார்த்தாலும் அங்கேயே உட்கார்ந்துவிடுவேன். கறையை அழுக்கு என்று சொல்லாதே, அது நடந்து முடிந்த ஒரு சம்பவம் என்று முதல் நாளே எங்களுக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டார்கள். அந்தப் பாடத்தைக் கொஞ்சம் குறைவாகக் கற்றிருக்கலாமோ என்று இப்போது தோன்றுகிறது.

"விஜிக்கா, இங்க வா, ஜல்தி" என்று கத்தினேன்.

அக்காவுக்கு எட்டாம் மாதம். பிரசவத்துக்காகக் குருகிராமிலிருந்து வந்திருந்தாள். இடுப்பில் ஒரு கையை ஊன்றிக்கொண்டு மெதுவாக வந்து எட்டிப் பார்த்தாள்.

"என்னடி, உள்ள எலியா?"

"எலி இல்ல. ஹிஸ்டரி."

"எலின்னாக்கூட ஏதாச்சும் செய்யலாம்" என்றுவிட்டு உள்ளே போய்விட்டாள்.

அடுத்து வந்தது அம்மா. துவைத்த துணிகளோடு வாளியைத் தூக்கிக்கொண்டு வந்தவள், வாசற்படியிலேயே நின்றாள்.

"அத எதுக்குட்டி எடுத்த?"

குரல் உயரவில்லை. அம்மாவுக்குக் கோபம் வந்தால் கீழ்வீடு வரைக்கும் கேட்கும். இது அது இல்லை. துணியைக் காயப்போடாமல் வாளியோடு உள்ளே திரும்பிவிட்டாள். எனக்கு முதல் முறையாக அந்த ரஜாயைப் பார்க்கப் பயமாக இருந்தது.

எங்கள் வீட்டில் மட்டும் இல்லாதது

அப்பா இந்தக் குளிர்காலத்தோடு ஓய்வு பெறுகிறார். குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டும். பரண், டிரங்குப் பெட்டி, கட்டிலுக்கு அடியில் என்று எல்லாவற்றையும் கிளறிக்கொண்டிருக்கிறோம். அப்படித்தான் பரணின் கடைசியில், பழைய படுக்கை விரிப்பில் சுருட்டி, கயிற்றால் முடிச்சு மேல் முடிச்சாகக் கட்டி, பாச்சை உருண்டை நாற்றத்தோடு இது அகப்பட்டது.

எனக்கு ஆச்சரியம். ஏனென்றால் எங்கள் வீட்டில் ரஜாயே கிடையாது.

டெல்லிக் குளிரில் ரஜாய் இல்லாத வீடா என்று கேட்பீர்கள். நானும் அதைத்தான் சின்ன வயதில் கேட்டுக்கொண்டே இருந்தேன். தீபாவளி முடிந்ததும் எங்கள் பிளாக்கில் எல்லா பால்கனியிலும் ரஜாய் தொங்கும். அதை வைத்தே எந்த வீட்டில் யார் என்று நான் சொல்லிவிடுவேன். பழைய புடவைகளை அடுக்கி நெருக்கமாகத் தையல் ஓட்டியிருந்தால் வங்காளி வீடு. பளபளக்கும் சாட்டின் உறை என்றால் சமீபத்தில் கல்யாணம் நடந்த வீடு, பெண்ணோடு வந்தது. சுங்குடிப் புடவையை இரண்டாக வெட்டி உறையாக மாட்டியிருந்தால் சந்தேகமே வேண்டாம், நம்மவர்கள்.

அவர்கள் எல்லாரும் பஞ்சடிக்கிற பையாவைக் கூப்பிட்டு, போன வருஷப் பஞ்சை அடித்துப் புதிதாக்கிக்கொள்வார்கள். பஞ்சு பறக்கும். நாங்கள் இருவரும் வேடிக்கை பார்த்துவிட்டு வந்து, ஆளுக்கு இரண்டு கம்பளி, ஸ்வெட்டர், சாக்ஸ், குரங்குக் குல்லாவோடு படுப்போம்.

"ஏம்மா நமக்கு ரஜாய் இல்ல?"

"பஞ்சு ஆவாது. தும்மல் வரும்."

அவ்வளவுதான் பதில். எங்கள் வீட்டுத் தமிழ் திருநெல்வேலியில் ரயிலேறி வந்தது. ஊர்க்காரர்களுக்குப் பஞ்சு ஆகாது போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

தந்தியும் வாளியும்

விளிம்பில் இருந்த இரண்டு கோடுகளுக்கு அப்பாவிடமிருந்து கதை கிடைத்தது. கூடத்தில் உட்கார்ந்து அட்டைப் பெட்டிகளுக்கு டேப் ஒட்டிக்கொண்டே சொன்னார்.

கல்யாணமான முதல் குளிர்காலம். அப்போது குவார்ட்டர்ஸ் லக்ஷ்மிபாய் நகரில், ஒற்றை அறை. சம்பளத்தில் ரஜாய் வாங்கப் பஞ்சுக்குக் காசு இருந்தது, உள்துணிக்கு இல்லை. அப்பாவின் வேட்டிகள் இரண்டை இணைத்து அம்மாவே அடிப்பக்கம் தைத்துக்கொடுத்தாளாம். நான் துணியைத் திருப்பிப் பார்த்தேன். ஆமாம், ஓரத்தில் வேட்டிக் கரை மங்கலாக ஓடியது.

"ஒருநா விடியக்காலம் கதவத் தட்டுதான். குளிருக்கு ரஜாயப் போத்திக்கிட்டே போயித் தொறந்தேன். தந்தி. எங்கப்பா போயிட்டார்."

தந்தியைக் கையில் வாங்கியபோது ரஜாய் உடம்பில் இருந்தது. துட்டிச் செய்தி கேட்டால் தலை முழுக வேண்டும், உடுத்தியிருந்ததை நனைக்க வேண்டும். ஊரில் நனைப்பது என்றால் ஒரு வேட்டி, ஒரு துண்டு. ரஜாயைப் பற்றி யாரும் விதி எழுதி வைக்கவில்லை. அம்மா யோசிக்கவே இல்லையாம். அவ்வளவு பெரிய பஞ்சுப் பொதியை வாளிக்குள் அமுக்கிவிட்டாள்.

ரஜாயைத் தண்ணீரில் போடக்கூடாது என்பது டெல்லியில் பால்குடிக் குழந்தைக்கும் தெரியும். உறையைத் துவைப்பார்கள். பஞ்சை வெயிலில் போடுவார்கள், அடிப்பார்கள். நனைக்க மாட்டார்கள்.

"பக்கத்து வீட்டுப் பஞ்சாபி அம்மா ஓடி வந்துட்டா. 'ரஜாய் கோயி தோதா ஹை க்யா?', ரஜாய யாராச்சும் தொவைப்பாங்களான்னு தலைல கைய வச்சுக்கிட்டா. ரயிலுக்கு நேரமாச்சு. கம்பில போட்டுட்டு ஊருக்குப் போயிட்டோம். பதினாறு முடிச்சு வந்து பாத்தா, பாறாங்கல்லு."

"அதுக்கப்புறம் அடிச்சீங்களா?"

"அடிச்சோம். அடுத்த வருசம் எங்க அண்ணன் போனாரு. திரும்பவும் நனைச்சா. பஞ்சாபி அம்மா இந்தத் தடவ வரவே இல்ல. சன்னல் வழியாப் பாத்துக்கிட்டு, 'மதராஸி லோக்'னு மட்டும் சொன்னா."

அப்பா சிரித்தார். நானும் சிரித்தேன். உள்ளுக்குள் குதித்துக்கொண்டிருந்தேன். தண்ணீர் இறங்கிய ஒவ்வொரு கோடும் ஒரு சாவு. பையா அடித்தால் கட்டி போகும், கோடு போகாது. டெல்லிக்கு வந்த தமிழ்க் குடும்பங்கள் தங்கள் துக்கத்தை ரஜாயில் பதித்து வைத்திருக்கின்றன. பிளாக் பிளாக்காகப் போய் இதைத் தேடலாம். ஆய்வுக்குத் தலைப்பே மனதில் தயாராகிவிட்டது.

"அப்ப நடுவுல இருக்கற வட்டம் யாருக்குப்பா?"

டேப்பைப் பல்லால் கடித்துக்கொண்டிருந்தவர் கடிப்பதை நிறுத்தினார். பிறகு அறுத்தார்.

"அது ஏதோ கொட்டியிருக்கும்" என்றார்.

மூக்குக்கு அடியில் ஒரு விரல்

இங்கே கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

என் மிகப் பழைய நினைவு ஒரு விரல். பாதித் தூக்கத்தில், மேலுதட்டுக்கும் மூக்குக்கும் நடுவில், தொட்டும் தொடாமலும் நிற்கும். பாத்திரம் தேய்த்த சோப்பு வாசனை வரும். நான் அசைந்தால் போய்விடும். எல்லா அம்மாக்களும் அப்படித்தான் செய்வார்கள் என்று வெகுகாலம் நினைத்திருந்தேன்.

விஜிக்கும் அந்த விரல் தெரியும். ஒரு விடுமுறை மதியம் அவள் எனக்கு ஒரு வேடிக்கை காட்டினாள். தூங்குவது போலப் படுத்துக்கொண்டு, விரல் வரும்போது மூச்சைப் பிடித்துக்கொண்டாள். நான் போர்வைக்குள் வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

அம்மா கத்தவில்லை. விஜியை அப்படியே கம்பளியோடு வாரித் தூக்கி உலுக்கினாள். விஜி பயந்துபோய்க் கண்ணைத் திறந்து, "மஜாக் தான்மா, சும்மா வெளையாட்டு" என்றாள். கன்னத்தில் பளார் என்று ஒன்று விழுந்தது. அதன் பிறகு அம்மா குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். குழாய் வெகுநேரம் ஓடிக்கொண்டே இருந்தது. தண்ணீரை வீணாக்கினால் எங்களைத் திட்டுகிறவள் அவள்.

அந்தக் குழாய்ச் சத்தம்தான் இப்போது என் காதில் திரும்பி வந்தது. ரஜாயின் நடுவில் இருந்த வட்டத்தைக் கண்ணுக்கு அருகில் கொண்டுபோய்ப் பார்த்தேன். கொட்டிய கறை இப்படி இருக்காது. வேட்டி நூல் அங்கே மட்டும் தேய்ந்து, பிசிறு எழும்பி, நெசவு அகன்றிருந்தது. ஒரே இடத்தை யாரோ கையால் கசக்கியிருக்கிறார்கள். ஒரு நாள் இல்லை. காயக் காயத் திரும்பத் திரும்ப.

படிக்கத் தெரிந்ததற்காக நான் வருந்திய முதல் துணி அது.

கீழே பையா வந்துவிட்டான்

ஒன்றைச் சொல்ல விட்டுவிட்டேன். ரஜாய் கிடைத்த உற்சாகத்தில் நான் ஏற்கெனவே பஞ்சடிக்கிற பையாவுக்கு போன் செய்து வரச் சொல்லியிருந்தேன். பழைய பஞ்சு அடித்தால் மெத்தென்று இருக்கும். விஜியின் குழந்தை ஜனவரியில், டெல்லியின் மோசமான குளிரில் பிறக்கப் போகிறது. குடும்ப ரஜாயிலிருந்து குழந்தைக்கு ஒரு குட்டி ரஜாய். இதைவிட நல்ல பரிசு எது?

சமையலறையில் அம்மா கொத்தவரங்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். விஜி நாற்காலியில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். நான் வட்டத்தைப் பற்றி எப்படிக் கேட்பது என்று தெரியாமல், குட்டி ரஜாயைப் பற்றிப் பேசினேன்.

"ஐயோ, ரஜாய் எல்லாம் வேண்டாம்டி" என்றாள் விஜி, சாதாரணமாக. "டாக்டர் ஸ்ட்ரிக்டா சொல்லியாச்சு. சின்னக் குழந்தை தூங்கறப்ப மேல கனமா, தளர்வா எதையும் போடவே கூடாதாம். மூஞ்சில ஏறிடுமாம். தள்ளிவிடத் தெரியாதுல்ல? மூச்சு முட்டிடும். எல்லா அம்மாக்களுக்கும் இப்ப மொதல் நாளே சொல்லிடறாங்க."

அரிவாள்மணையில் அம்மாவின் கை நின்றது.

"எனக்கு யாரும் சொல்லலியே" என்றாள்.

விஜி சிரித்தாள். "அந்தக் காலத்துல யாரும்மா சொல்லுவாங்க?"

"யாராச்சும் சொல்லியிருக்கலாம்லா" என்றாள் அம்மா. காயைப் பார்த்துத்தான் சொன்னாள்.

எனக்குப் புரிந்துவிட்டது. விஜிக்கும் புரிந்துவிட்டது. அவள் கை தானாகத் தன் வயிற்றின் மேல் போய்ப் படிந்தது.

அம்மா அதிகம் சொல்லவில்லை. விஜிக்கு முன்னால் ஒரு பையன். லக்ஷ்மிபாய் நகர் வீட்டில், ஒரு குளிர்காலம். தலை நிற்காத குழந்தை. காலையில் ரஜாயை எடுத்துப் பார்த்தபோது உதடு நிறம் மாறியிருந்தது. வாயோரம் வழிந்த பால் துணியில் வட்டமாக நனைந்திருந்தது. டாக்டர் நெஞ்சுச் சளி என்று எழுதிக்கொடுத்தார்.

"நான் அத நம்பல. நம்பணும்னு பாத்தேன், முடியல. இத்தன வருசம் கழிச்சு இப்பத்தான் டாக்டர் உண்மையச் சொல்லியிருக்கா."

"அம்மா, அது ஜெனரலாச் சொன்னது. நெஞ்சுச் சளியாவே இருந்திருக்கலாம்" என்றாள் விஜி.

"பச்சப் பிள்ளைக்கித் துட்டி கெடையாது, குளிச்சாப் போதும்னு உங்கப்பா சொன்னாவ. நனைக்காண்டாம்னாவ. நான் கேக்கல. பால் வாட போவணும்லா. கசக்குனேன், போவல. காஞ்ச பொறவு திரும்பக் கசக்குனேன்."

"யாரும்மா போத்துனாங்க?" விஜி கேட்டாள். கேட்டிருக்கக் கூடாது என்று கேட்டவுடனே அவள் முகத்தில் தெரிந்தது.

கூடத்தில் டேப் இழுக்கும் சத்தம் நின்றுவிட்டதை அப்போதுதான் கவனித்தேன்.

அம்மாவும் கவனித்தாள்.

"குளுந்துச்சு. போத்துனோம்" என்றாள், கொஞ்சம் சத்தமாக, கூடத்துக்கும் கேட்கிற மாதிரி.

அவ்வளவுதான். அதற்கு மேல் நாங்கள் கேட்கவில்லை. இனியும் கேட்க மாட்டோம்.

அம்மா நறுக்கின காயை அள்ளிப் பாத்திரத்தில் போட்டபோது விஜி, "அப்ப நான் மூத்தவ இல்லையாம்மா?" என்றாள்.

"வளந்ததுல நீதான் மூத்தவ."

சரியாக அந்த நேரத்தில் கீழேயிருந்து குரல் வந்தது. "ரூயீ... தீதீ, ரஜாய் லாவோ." பஞ்சடிக்கிற பையா, ரஜாயைக் கொண்டு வரச் சொல்லிக் கூப்பிட்டான். நான் எழுவதற்குள் கூடத்தில் செருப்பு மாட்டும் ஓசை. அப்பா படியிறங்கிப் போனார். பால்கனி வழியாகப் பார்த்தேன். பையா எதையோ கேட்டான். அப்பா தலையை மட்டும் ஆட்டினார். அவன் சைக்கிளைத் திருப்பிக்கொண்டு போன பிறகும் அவர் கேட்டருகில் நின்றுகொண்டிருந்தார், வெறும் சட்டையோடு, குளிரில்.

மூக்கில் வைத்துப் பார்த்தல்

அன்றிலிருந்து வீட்டில் ஒரு பயம் உட்கார்ந்திருக்கிறது. அம்மாவின் பயம் முன்பே இருந்ததுதான். இப்போது அது எங்களுக்கும் பங்கு பிரிந்துவிட்டது. விஜி மதியத் தூக்கத்தில் திடுக்கிட்டு எழுகிறாள். குழந்தை உதைப்பது நின்றுவிட்டதா என்று என் கையை இழுத்து வைக்கிறாள். நானும் பயந்துகொண்டே வைக்கிறேன். உதைத்ததும் இருவரும் மூச்சு விடுகிறோம்.

"ஊர்ல போயிப் பெத்துக்கோயேன். அங்கன எதும் போத்தவே வேண்டாம்" என்றாள் அம்மா. இந்த மாதத்தில் பயணம் கூடாது. "அப்ப பிள்ளைக்கி ஒண்ணும் போத்தாண்டாம். நான் மடியிலயே வச்சிருக்கேன், ராத்திரியும் பகலும்." இப்படித் தினம் ஒன்று.

தூங்கும்போது எதுவும் போர்த்த வேண்டியதில்லை, உடலோடு ஒட்டின உடுப்பு போதும் என்று விஜி டாக்டரிடம் திரும்பக் கேட்டுக்கொண்டு வந்தாள். ஆனால் மடியில் வைத்திருக்கும்போது, வெயிலில் எடுத்துப் போகும்போது? ஜனவரியில் ஒரு குழந்தையை வெறும் கையில் எப்படித் தூக்குவது? அம்மாவிடம் எந்தத் துணியைக் காட்டினாலும், "கனம்" என்றாள். கடையில் வாங்கிய பூப்போட்ட குட்டி விரிப்பைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை.

நேற்றுக் காலை அப்பா தன் பழைய வேட்டிகளைக் கொண்டுவந்து கட்டிலின் மேல் வைத்தார். அலுவலகத்துக்கு பேன்ட், வீட்டுக்கு வேட்டி என்று வருஷக்கணக்காகத் துவைத்துத் துவைத்து, கைக்குள் வைத்தால் இருப்பதே தெரியாத அளவுக்கு நைந்தவை. எதற்கு என்று அவரும் சொல்லவில்லை, யாரும் கேட்கவும் இல்லை. பெட்டி கட்டப் போய்விட்டார்.

அம்மா அவற்றை ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தாள். பிறகு ஒன்றை எடுத்து, மடிப்பைப் பிரித்து, தன் முகத்தின் மேல் போட்டுக்கொண்டு கட்டிலில் மல்லாந்து படுத்தாள்.

விஜி என் கையைப் பிடித்தாள். வெள்ளைத் துணி அம்மாவின் மூக்கருகில் உள்ளே போய், வெளியே வந்தது. உள்ளே, வெளியே.

"இன்னொண்ணு போடுட்டி" என்றாள் துணிக்குள்ளிருந்து.

போட்டேன். மூச்சு வந்தது. என் விரலை அந்தத் துணியின் மேல், அவள் மூக்குக்கு நேராக வைத்துப் பார்த்தேன். வெதுவெதுப்பாக இருந்தது.

"இன்னொண்ணு."

மூன்றாவதையும் போட்டேன். கொஞ்ச நேரம் அப்படியே கிடந்தாள். பிறகு துணிகளை விலக்கி எழுந்து உட்கார்ந்து, கலைந்த தலையைச் சரிசெய்தாள்.

"மூணுக்கு முட்டல" என்றாள்.

பழைய ரஜாயைப் பிரிக்கப் போவதில்லை. அதைத் திரும்பச் சுருட்டினேன். கயிற்றை அம்மாதான் கட்டினாள், இந்த முறை ஒரே ஒரு முடிச்சு. புது வீட்டில் பரண் இல்லை, என் அலமாரியில் இருக்கும். இதையெல்லாம் எழுதலாமா என்று கேட்டேன். "எழுதிக்கோ. பேரு மட்டும் போடாத" என்றாள். பிறகு அவளே, "பேருன்னு ஒண்ணும் வைக்கலியே" என்றாள்.

நாளைக்குத் தைக்கத் தொடங்குகிறேன். பஞ்சு இல்லை, மூன்று வேட்டி அடுக்கு மட்டும், வெள்ளை நூலில் நேர் ஓட்டுத் தையல். தையல் நெருங்கினால் துணி விறைத்துவிடும். எவ்வளவு தள்ளித் தள்ளிப் போடலாம் என்பதற்கு நான் படித்த எதிலும் விடை இல்லை. அதனால் ஒவ்வொரு வரிசை முடிந்ததும் அம்மாவிடம் கொடுக்கப் போகிறேன். அவள் படுத்து, முகத்தில் போட்டு, மூச்சு விட்டுப் பார்த்துச் சொல்ல வேண்டும். அவள் சரி என்றால்தான் அடுத்த வரிசை.